தூக்கத்திலேயே

"அமெரிக்காவுல மாடு மேய்ச்சவனுக்கெல்லாம் புத்தகம் போடுறீங்க. நம்ம ஆட்டுக்காரன் வீட்டுக்கு ரெண்டு வார்த்தை பேசக் கூடாதா சார்?"

சாதிக் பாட்ஷா எண்ணை அழுத்தி அன்பரசனிடம் போனை நீட்டினார். கேலிதான். முகத்தில் சிரிப்பில்லை.

வளைகுடாவில், ஃபர்வானியா தமிழ்ச் சங்கத்தில் ஊருக்குச் சாவுச் செய்தி சொல்வது அவர் பொறுப்பு. இனி தன்னால் ஆகாது என்றார்.

அன்பரசன் பள்ளியில் வரலாறு நடத்துகிறவன். கௌபாய்களைப் பற்றிய நூலில் ஓர் அத்தியாயம் பாக்கி வைத்திருந்தான்.

மந்தையோடு போய் வழியில் செத்தவர்களின் அத்தியாயம். ஆற்றோடு போனவன், மாடுகள் மிதித்தவன், தாகத்தில் விழுந்தவன். யார் செத்தாலும் மந்தைத் தலைவன் ஊருக்கு எழுதியது ஒன்றுதான்: வேதனையில்லாமல் போய்ச் சேர்ந்தான்.

'பொய். சான்றாகக் கொள்ளத் தகாது' என்று அன்பரசன் அடிக்குறிப்பு போட்டிருந்தான்.

வீரபாண்டி, ஆடு தேடிப் போய்ப் பாலைவனத்தில் வழி தவறியவன். மறுநாள் கண்டெடுத்தார்கள். வெறுங்கையால் மணலைத் தோண்டியிருந்தான். சாதிக் பாட்ஷா அதற்கு மேல் சொல்லவில்லை.

அவன் மனைவி பஞ்சவர்ணம் போனை எடுத்தாள்.

அன்பரசன் தன் பெயரைச் சொன்னான். செய்தியைச் சொன்னான். வகுப்பில் பேசும் குரல்தான் வந்தது.

"தூக்கத்துலயே போயிட்டாரும்மா. ரூமுக்குள்ள, ஏசி போட்டுப் படுத்தவரு. ஒண்ணும் கஷ்டப்படல."

அந்தப் பக்கம் மிக்ஸி ஓடிக்கொண்டிருந்தது. நின்றது.

"லைன் கட்டாகுற வரைக்கும் என்கூடத்தான் சார் பேசிக்கிட்டிருந்தாரு" என்றாள். "தண்ணி கேட்டாரு."

சாதிக் பாட்ஷா வாசலில் கிடந்த செருப்புகளைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"முதலாளி நம்பருக்கு அடிச்சு அடிச்சுப் பாத்தேன். எடுக்கல."

அவள் அழவில்லை. அழுதிருந்தால் அவனுக்கு ஏதாவது சொல்லத் தோன்றியிருக்கும்.

"அத்தை உள்ள படுத்திருக்காங்க. நான் இன்னும் அவங்ககிட்ட எதுவும் சொல்லல. போனைக் குடுக்கறேன். எனக்குச் சொன்னத அப்படியே சொல்லுங்க." கொஞ்சம் யோசித்தாள். "அந்த ஏசியையும் விட்டுறாதீங்க சார்."

காலடிச் சத்தம். கதவுச் சத்தம். போன் கைமாறியது.

"யாருய்யா?" என்றது வயதான குரல். "பாண்டியா?"

அன்பரசன் தன் பெயரிலிருந்து ஆரம்பித்தான்.