முதுகு கீறிய மீன்

அக்னெஸ் படத்தைப் பெரிதாக்கினாள். கப்பலின் பின்பக்கக் கம்பியில் மீன்கள் காய்ந்துகொண்டிருந்தன.

உடனே சிறிதாக்கினாள்.

முழுக் கப்பலும் திரைக்கு வந்தது. சாம்பல் நிற உடல். பெயர் இருந்த இடத்தில் புதுப் பெயின்ற். தளத்தில் பச்சைத் தார்ப்பாய் போர்த்திய நீளமான பொதிகள்.

இஸ்தான்புல் நீரிணையின் கரையில் நின்று ஒருவர் எடுத்த படம். போகிற வருகிற கப்பல்களைப் படம்பிடிப்பது அவருக்குப் பொழுதுபோக்கு. ஒவ்வொரு படத்தின் கீழும் வானிலையை எழுதி வைப்பார். வடகாற்று. கடல்நீரின் வெப்பம் ஆறு பாகை.

கப்பலின் பத்திரத்தில் உரம் என்றிருந்தது.

உரக் கப்பல் இவ்வளவு காவலோடு போவதில்லை. தார்ப்பாய்களைச் சுற்றி ஒரே மாதிரி மேலங்கி போட்ட ஆண்கள் நின்றார்கள்.

போர் தொடங்கியதிலிருந்து ரஷ்யப் போர்க்கப்பல்களுக்கு அந்த வழி அடைபட்டிருந்தது. கடற்படையின் சரக்கு இப்படித்தான், வணிகக் கப்பலின் உடுப்பைப் போட்டுக்கொண்டு வடக்கே போகும். அதைக் கண்டுபிடிப்பதுதான் லொங்குய்யில் இருக்கும் இந்தச் சிறிய அலுவலகத்தின் வேலை. அக்னெஸ் தினமும் மொன்றியலிலிருந்து மஞ்சள் மெட்ரோவில் ஆற்றுக்கு அடியால் வந்து இதைத்தான் செய்கிறாள். அவள் சொன்னால் ஒரு கப்பலின் காப்புறுதி நின்றுவிடும்.

அவள் குறிப்பதை வைத்து எழுதும் அறிக்கையை வேறு ஆட்களும் வாசித்தார்கள்.

மார்கழியில் அவள் 'ராணுவம்' என்று குறித்த ஒரு கப்பல், தை பிறந்ததும் நடுக்கடலில் எரிந்தது. யாரும் எதையும் எதனோடும் சேர்த்துப் பேசவில்லை. பக்கத்து மேசை ஒக்ஸானா கேக் வாங்கி வந்தாள்.

அக்னெசும் ஒரு துண்டு சாப்பிட்டாள்.

ஒக்ஸானாவின் தாய் ரஷ்யக் குண்டு விழும் ஒடெசாவில் இருக்கிறாள். சைரன் ஒலித்தால் நிலவறைக்குள் இறங்கி மகளை அழைப்பாள். வெடிச் சத்தம் இந்த மேசை வரைக்கும் கேட்கும்.

அக்னெசின் தம்பி ஜெராட் ஒரு கப்பலில் சமையல்காரன்.

சொந்த ஊரான பேசாலையில் மீன்பிடிக்கக் கடலுக்குப் போய்க்கொண்டிருந்தவன். இத்தாலிக்கு அனுப்புகிறேன் என்ற ஏஜென்ற் அவனை மொஸ்கோ வரைக்கும் கொண்டுபோனான். வாசிக்கத் தெரியாத தாளில் கையெழுத்து வாங்கினான். ஒரு கப்பலில் ஏற்றிவிட்டான். அந்தக் கப்பலின் பெயர் ஜெராட்டுக்குத் தெரியாது.

அவனுடைய கடைசிக் குரல் செய்தி வந்து சில கிழமைகள் ஆகின்றன. பிறகு போன் வேலை செய்யவில்லை.

"அக்கா, ஒண்டுக்கும் யோசியாதை. வெங்காயம்தான் ஏத்துறமாம். குசினியில நான்தான் ராசா. என்ர கறியைத் திண்டுபோட்டு கப்டன் அழுறான். உறைப்பில எண்டு நினைக்கிறன்."

அந்தச் சிரிப்போடு அவள் நிறுத்திவிடுவாள். மீதியை ஒரு தடவைதான் கேட்டிருக்கிறாள்.

திரையில் மூன்று பொத்தான்கள். வணிகம். ராணுவம். சந்தேகம்.

'சந்தேகம்' என்றால் படம் வேறொருவரிடம் போகும். அவர் பார்த்து முடிப்பதற்குள் கப்பல் கரை சேர்ந்துவிடும். சரக்கு இறங்கிவிடும். சமையல்காரனும் இறங்கலாம்.

இறங்கிய சரக்கு எங்கே போகும் என்பதும் அவளுக்குத் தெரியும்.

ஒக்ஸானா கதிரையை உருட்டிக்கொண்டு வந்தாள். ஒருவர் குறித்ததை மற்றவர் உறுதி செய்ய வேண்டும். அதுதான் இங்கே முறை.

"இதுக்குப் போய் இவ்வளவு நேரமா?" என்று பிரெஞ்சில் கேட்டாள்.

அவளே சுட்டியைப் பிடித்துப் படத்தைப் பெரிதாக்கினாள். மீன்களைக் கண்டதும் சிரித்தாள். சண்டைக்குப் போனாலும் இவங்களுக்கு பியரோடு கருவாடு வேண்டும் என்றாள்.

பிறகு சிரிப்பு நின்றது.

அவள் ஊரில் முழு மீனைக் கண்ணில் கோர்த்துத் தொங்கவிடுவார்கள். இது விரித்த புத்தகம் மாதிரிக் கிடக்கிறது. இப்படி யார் வெட்டுவார்கள்?

அக்னெஸ் தெரியாது என்று தலையாட்டினாள்.

கறிக்கென்றால் வயிற்றைக் கீறுவார்கள். கருவாட்டுக்கென்றால் முதுகைக் கீறுவார்கள். தலையோடு சேர்த்துப் பிளந்து, வயிற்றுத் தோல் அறாமல் விரிப்பார்கள். பேசாலைக் கரையில் அவளும் அப்படி வெட்டியிருக்கிறாள். ஜெராட்டுக்குக் கத்தி பிடிக்கப் பழக்கியது அவள்தான்.

கம்பியில் கிடந்த மீன்களில் ஒன்றின் வயிற்றுத் தோல்கூட அறுபடவில்லை.

ஜன்னலுக்கு வெளியே ஆறு உறைந்து வெள்ளையாகக் கிடந்தது.

ஒக்ஸானாவின் போன் மேசையில் அதிர்ந்தது. அவள் திரும்பிப் பார்த்தாள். தாய். எடுக்காமல் அக்னெசின் முகத்தைப் பார்த்தாள்.

அக்னெஸ் 'ராணுவம்' என்பதை அமத்தினாள்.

ஒக்ஸானா கையை நீட்டி உறுதி செய்தாள். அதன் பிறகுதான் போனை எடுத்தாள்.

அக்னெஸ் எழுந்து படிக்கட்டுப் பக்கம் போனாள். கதவைச் சாத்திவிட்டுத் தம்பியின் செய்தியைப் போட்டாள். வெங்காயம். குசினி. கப்டன். சிரிப்பு.

இந்தத் தடவை நிறுத்தவில்லை.

"இன்னொண்டு அக்கா. நீ கப்பல் படம்தானே பாக்கிறனி. ஏத்தினது வெங்காயம் இல்லையெண்டு கண்டனெண்டால், பின்பக்கத்தில கருவாடு போடுவன். எங்கட வெட்டு. கண்டால் உள்ளதைப் போடு, என்னைப் பாராதை. நான் நீந்துவன்தானே."