மூன்றாவது கட்டில்

"திரும்பவும் அதேதான். 'இணைய முடியவில்லை'ன்னு வருது."

போனில் மெர்லினின் குரல். இது ஏழாவது முறை.

போனின் இந்தப் பக்கம் அவள் உதட்டைக் கடித்துக்கொண்டு கணினித் திரையைப் பார்த்தாள். ஆட்டத்தின் தீவில் நல்ல வெயில். முபினாவின் பச்சைச் சட்டைக்காரி படகடியில் சும்மா குதித்துக்கொண்டிருந்தாள். மூன்று பேர் ஆடும் ஆட்டத்தில் இரண்டு பேர்தான் இருந்தார்கள்.

தீவு இருப்பது அவளுடைய கணினியில். அவள் திறந்துவைத்தால் மற்ற இருவரும் அவரவர் வீட்டிலிருந்தே உள்ளே வரலாம். கல்லூரி விடுதியில் தொடங்கிய கூத்து. வேலைக்கென்று ஆளுக்கொரு ஊர் போன பிறகும் ஞாயிறு மூன்று மணி என்றால் தீவுதான்.

ஒன்பது மாதம் முன்புவரை.

மெர்லினுக்கு நிச்சயமானதை அவள் வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் பார்த்துத்தான் தெரிந்துகொண்டாள். ஆறு வருடம் ஒரே தட்டில் சாப்பிட்டவளுக்கு ஊரோடு ஊராகச் செய்தி. பற்றிக்கொண்டு வந்தது. ஏன் சொல்லவில்லை என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. பேச்சை நிறுத்திவிட்டாள்.

இன்னும் பத்து நாளில் கல்யாணம். அப்புறம் மெர்லின் மஸ்கட் போய்விடுவாள்.

முபினாவுக்குப் பத்திரிகை வந்துவிட்டது. அவளுக்கு வரவில்லை.

நேற்று மத்தியானம் மெர்லினிடமிருந்து ஒரே ஒரு வரி வந்தது. நாளைக்குத் தீவுக்கு வரட்டா?

அவள் உடனே வா என்று அனுப்பினாள்.

இப்போது பார்த்தா இந்தச் சனியன் பிடித்த இணைப்பு மக்கர் பண்ண வேண்டும்!

மெர்லினின் லேப்டாப் ஒன்பது மாதமாகத் திறக்கப்படவில்லை. முதலில் ஆட்டத்தைப் புதுப்பித்தார்கள். பிறகு அறை எண்ணை மாற்றினார்கள். முபினா ஒரு தடவை வெளியே போய் உள்ளே வந்து காட்டினாள். அவளுக்கு வழி விட்டது. மெர்லினுக்கு விடவில்லை.

"உங்க வீட்டு ரௌட்டரை அணைச்சுப் போடுட்டி," என்றாள் அதே அழைப்பில் இருந்த முபினா.

மெர்லின் அணைத்தாள். பேச்சும் சேர்ந்து அறுந்தது. அந்த வீட்டுக்குள் டவர் கிடைக்காது. போன் பேசுவதும் வைஃபையில்தான்.

மூன்று நிமிடம் மெர்லின் இல்லை. அவள் நகத்தைத் தின்றாள்.

திரும்ப வந்தபோது முதலில் கல்யாண வீட்டுச் சத்தம்தான் கேட்டது. யாரோ பாத்திரம் விளக்கிக்கொண்டிருந்தார்கள். அம்மாவின் குரல், "தையக்கார அக்கா வந்து காத்துக் கிடக்காவ. வாட்டி."

"வாரேம்மா. அஞ்சு நிமிஷம்."

எட்டாவது முறை.

இணைய முடியவில்லை.

"விடு. நமக்கு ராசி இல்ல போல." மெர்லின் சிரித்துக்கொண்டுதான் சொன்னாள்.



"இரு, இரு. போயிராத. என் பக்கம் பாக்கேன்."

அமைப்புகளைத் திறந்தாள். ஒலி. திரை. மொழி. நண்பர்கள்.

தடை செய்யப்பட்டவர்கள்: 1.

காது இரண்டும் சூடானது.

அடப்பாவி! நானேதானா!

அன்றைக்கு இருந்த கோபத்தில் போன், வாட்ஸ்அப் என்று எங்கெல்லாம் பொத்தான் இருந்ததோ அங்கெல்லாம் மெர்லினுக்குத் தடை போட்டாள். நாலே நாளில் மனசு கேட்காமல் ஒவ்வொன்றாக எடுத்தாள். இதை மறந்துபோனாள்.

கதவைச் சாத்தித் தாழ்ப்பாளும் போட்டுவிட்டு, வாசலில் நிற்பவள் தன் வீட்டு ரௌட்டரை அணைத்துப் போடுவதைப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறாள். வெட்கம் பிடுங்கித் தின்றது.

சொல்லிவிடலாம்.

'நீக்கு' என்பதை அழுத்தினாள். மெர்லின் என்ற பெயர் பட்டியலிலிருந்து போனது.

"இப்போ ஒருவாட்டி பாரு," என்றாள். அவ்வளவுதான் முடிந்தது.

போனில் பாத்திரம் விளக்கும் சத்தம். மெர்லினின் மூச்சு. அம்மா இன்னொரு தடவை கூப்பிட்டாள்.

படகடியில் மெர்லினின் சிவப்புப் பாவாடைக்காரி வந்து நின்றாள்.

முபினா போட்ட கூச்சலில் போன் அதிர்ந்தது. அப்பாடா என்று அவள் நாற்காலியில் சாய்ந்தாள். கண்ணில் நீர் கோத்துக்கொண்டு திரை கலங்கியது. ஒன்பது மாதமாக நெஞ்சில் கிடந்த கல்லை யாரோ எடுத்துவிட்டார்கள்.

சிவப்புப் பாவாடைக்காரி படகைத் திரும்பிப் பார்க்கவில்லை. நேராக மேட்டு வீட்டுக்கு ஓடினாள்.

உள்ளே மூன்று கட்டில்கள். மூன்றாவதன் தலைமாட்டில் மெர்லின் வைத்துவிட்டுப் போன சங்கு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. கோபத்தில் ஒருநாள் அந்தக் கட்டிலைத் தூக்கிக் கடலில் போட அவள் போனதுண்டு. மனசு வரவில்லை.

மெர்லின் அந்தக் கட்டிலருகே கொஞ்ச நேரம் நின்றாள்.

"அது சரி, எப்படிட்டி சரியாச்சு?" முபினாதான் கேட்டாள்.

அவளுக்குத் திக்கென்றது.

"ரௌட்டரை இன்னொருக்க அணைச்சுப் போட்டேன்," என்றாள் மெர்லின். "எங்க வீட்டு லைன்தான் மோசம். அத விடு. ஏட்டி, நீ வீடு மாத்திட்டியாமே? புது அட்ரஸ அனுப்பு. உன் பேர எழுதின பத்திரிகை எத்தன நாளா மேசையில கிடக்கு தெரியுமா."

முபினா அப்படியே நம்பிவிட்டாள். இந்த லைன்காரனை மாத்தித் தொலை என்று புத்திமதி வேறு சொன்னாள்.

அவள் போனையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

ரௌட்டரை அணைத்தால் அறுபடும் பேச்சு இந்தத் தடவை அறுபடவே இல்லை. பாத்திரம் விளக்கும் சத்தம் ஒரு நொடிகூட நிற்கவில்லை.