பூவம்மாவின் லேஸ் செடி

“ரெண்டு கொத்துதான் கேக்குறேன், அக்கா. ரூபி கையில புடிக்கிற பூச்செண்டுக்கு.”

“வேற எது வேணும்னாலும் கேளு பிலோமினா. அது மட்டும் வேணாம்.”

பிலோமினம்மாளுக்கு முகம் சுருங்கிவிட்டது. பஃபலோ ரோட்டுப் பின்சந்தில் இரண்டு பேருக்கும் அடுத்தடுத்த வீடு. ஜப்பான்காரன் சண்டை முடிந்த பிறகு குடிவந்தவர்கள். புருஷனை இழந்து பிலோமினம்மாள் வேலைக்குப் போன நாளிலிருந்து, ரூபிக்குத் தலை பின்னிவிட்டதே பூவம்மாதான். அவள் கல்யாணத்துக்கு நாலு இலை தர மனசில்லையா?

கேட்டது பொன்னா, வைரமா? ஒரு பெரணிச் செடி. இரண்டு வீட்டுச் சுவருக்கும் நடுவில், மத்தியானத்தில்கூட வெயில் எட்டிப் பார்க்காத முடுக்கில், தேங்காய் மட்டையும் அடுப்புக்கரியும் மக்கின இலையும் போட்டு வளர்த்திருந்தாள் பூவம்மா. வெயில் பட்டால் இலையின் ஓரம் கருகிவிடும் என்று மேலே கோணிச்சாக்கு வேறு கட்டியிருந்தாள். தேவாலயத்துப் பீடத்துணியில் தொங்கும் லேஸ் மாதிரி அத்தனை மெல்லிய இலை. அதனால் சந்தில் எல்லோருக்கும் அது லேஸ் செடி.

“பிள்ளை குட்டி இல்லாதவ. செடியைப் பிள்ளையா வளர்க்கிறா” என்பார்கள்.

அவ்வப்போது அதில் ஒரு கொத்தை வேரோடு பெயர்த்து, ஈரத்துணியில் சுற்றி, பூவம்மா தனியாக பஸ் ஏறுவாள். எங்கே போகிறாள் என்று யாரிடமும் சொன்னதில்லை. சொல்லாவிட்டால் என்ன, சந்துக்கு வாய் இல்லையா?

“வெள்ளக்காரங்க பூக்கடையில கொண்டுபோய் விக்கிறா லா. சும்மா உனக்கு எப்படிக் கொடுப்பா?” என்றாள் எதிர்வீட்டுத் தங்கம்.

பிலோமினம்மாள் அதை நம்பினாள். கோபமாக இருக்கும்போது எதையும் நம்பிவிடலாம்.

கல்யாணத்தன்று விடியற்காலை. வெள்ளைப் பூவெல்லாம் வந்து இறங்கிவிட்டது. நடுவில் வைக்கப் பச்சைதான் இல்லை. ரூபி ஒன்றும் கேட்கவில்லை. அந்தச் செடியை ஒரு தடவை பார்த்துவிட்டு உள்ளே போனாள். பெற்றவளுக்கு அது போதாதா? பூவம்மா குழாயடிக்குப் போன நேரம் பார்த்து, பிலோமினம்மாள் கத்தரியோடு முடுக்கில் நுழைந்தாள்.

கை நிறைய நறுக்கிக்கொண்டு திரும்பினால், எதிரே பூவம்மா.

வாளியைக் கீழே வைத்தாள். அத்தனை இலையையும் வெடுக்கென்று பிடுங்கி, ஓடுகிற சாக்கடையில் போட்டாள். கல்யாண வீட்டுக்கு வந்த உறவுக்காரர்கள் எல்லோரும் பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

“நீங்க ஒரு பொண்ணைப் பெத்திருந்தா உங்களுக்குத் தெரியும்” என்றாள் பிலோமினம்மாள்.

பூவம்மா வாளியை எடுத்துக்கொண்டு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். கல்யாணத்துக்கும் வரவில்லை. அதன்பிறகு இரண்டு வீட்டுக்கும் பேச்சே இல்லாமல் போயிற்று.

நவம்பரில் கல்லறைத் திருநாள் வந்தது. பிடாதரி கல்லறைத் தோட்டத்தில் புருஷனுக்கு மெழுகுவத்தி ஏற்றி ஜெபம் சொல்லிவிட்டுத் திரும்பும்போது, மழை பிடித்துக்கொண்டது. ஒதுங்க இடம் தேடி ஓடிய பிலோமினம்மாள், இந்துக்களைப் புதைக்கும் பக்கம் வந்துவிட்டாள். அங்கே ஒரு பெரிய மரம். அதன் அடர்ந்த நிழலில் சின்னதாக ஒரு கல்லறை. கல்லறையைச் சுற்றி லேஸ் செடி.

மண்ணைக் கிளறி, ஈரத்துணியில் கொண்டுவந்திருந்த ஒரு கொத்தை நட்டுக்கொண்டிருந்தாள் பூவம்மா.

நிமிர்ந்து பார்த்தாள். கோபம் எதுவும் தெரியவில்லை.

“ரூபி நல்லா இருக்காளா?” என்றுதான் முதலில் கேட்டாள்.

பிலோமினம்மாள் தலையாட்டினாள். அவள் கண் கல்லில் இருந்தது. செல்லக்கண்ணு என்று செதுக்கியிருந்தது.

“யாருக்கா இது?”

“எம் பொண்ணு. ஜப்பான்காரன் காலத்துல காய்ச்சல்ல போயிட்டா. தாலி செய்யக் கொடுத்திருந்தோம்.” பூவம்மா செடியின் அடியில் மண்ணை அழுத்தினாள். “இந்தச் செடி இங்க தானா முளைச்சது. புல்லு வெட்டுறவங்க வெட்டிடுவாங்கன்னு கொஞ்சம் வீட்டுல கொண்டுபோய் வச்சேன். இங்க அழிஞ்சுபோனா அங்கருந்து கொண்டாந்து நடுவேன்.”

அன்றைக்குச் சொன்ன வார்த்தை பிலோமினம்மாளுக்கு ஞாபகம் வந்தது. ஈரத் தரை என்றும் பாராமல் உட்கார்ந்துவிட்டாள். அழுகை வந்தது.

“ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமேக்கா. சந்தே உங்கள கஞ்சம்னு பேசுச்சே. நானும் பேசினேனே.”

“கல்யாண வீட்டுல நின்னுக்கிட்டு இதையெல்லாம் சொல்ல முடியுமா? சொன்னா உன் மனசுல உறுத்திக்கிட்டே கெடக்கும். நாளைக்கு ரூபிக்கு ஒரு தலைவலின்னாகூட இந்த நெனப்புதான் வரும்.”

பூவம்மா கையிலிருந்த மண்ணைத் தட்டினாள்.

“நானும் பொண்ணைப் பெத்தவதான், பிலோமினா. இங்கருந்து வந்த இலைய, கல்யாணப் பொண்ணு கையில எப்படிக் கொடுப்பேன்?”