வழுவழு முதுகு

அந்தக் குரங்குக் கூட்டத்தில் ஒரு வழக்கம் உண்டு. பொழுது சாயும் நேரத்தில் ஒருவர் முதுகில் ஒருவர் பேன் பார்ப்பார்கள். எவன் முதுகில் பேன் கிடைக்கவில்லையோ அவன் வேற்றாள். மரத்தில் அவனுக்கு இடமில்லை.

செம்பி என்ற மந்திக்கு ஒரு தம்பி. இரண்டு காலில் நடக்கிறேன் பேர்வழி என்று மரத்தைவிட்டு இறங்கிப் போனவன், பல மழைக்காலம் கழித்துத் திரும்பி வந்து நின்றான். வெயிலில் அலைந்து அலைந்து உடம்பில் ரோமமெல்லாம் கொட்டிப்போயிருந்தது.

கூட்டத்தின் தலைவனான கிழட்டுக் கடுவன் மேல்கிளையிலிருந்து உறுமினான். "யாருடா இது, தோலுரிச்ச பழம் மாதிரி? செம்பி, முதுகைப் பாரு. பேன் இருந்தா இருக்கட்டும். இல்லைன்னா இருட்டறதுக்குள்ள துரத்திவிடு."

இருட்டினால் கீழே சிறுத்தை வரும்.

தம்பி அக்காவுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தான். செம்பி தடவிப் பார்த்தாள். ஆற்றுக் கூழாங்கல் மாதிரி வழுவழுவென்றிருந்தது. பேன் ஒளிந்துகொள்ள ஒரு முடியாவது வேண்டாமா? கடுவன் மங்கலான கண்ணைச் சுருக்கிக்கொண்டு கழுத்தை நீட்டினான்.

செம்பி வெறும் தோலை நகத்தால் கிள்ளினாள். வெறும் விரலை வாயில் வைத்து 'நறுக்'கென்று கடித்தாள்.

"அடேயப்பா, எவ்வளவு பெருசு!" என்றாள், எல்லாருக்கும் கேட்கும்படி.

தம்பி இன்னும் கொஞ்சம் குனிந்துகொடுத்து, அவளைவிடச் சத்தமாகச் சொன்னான்:

"இடது பக்கமும் ஒண்ணு ஊருதுக்கா. பாரேன்."