கை தட்டச் சொன்ன கேமராமேன்

"அய்யோ, சசி!"

ஜெகதளா எஸ்டேட் ரோடு. விடிந்தும் விடியாத நேரம். பயிற்சிக்காக ஓடிவந்த சசிரேகா கால் பிசகி, பனிமூட்டத்துக்குள் பொத்தென்று விழுந்தாள்.

தூக்கப் பாய்ந்த அவள் அம்மா ராஜகுமாரியை, கேமராவிலிருந்து கண்ணை எடுக்காமலே ஒரு கையால் தடுத்தான் கமலேஷ். விளையாட்டு ஆவணப்படங்கள் எடுத்து விருது மேல் விருது வாங்கியவன். விருதோடு கொஞ்சம் இரக்கத்தையும் கொடுத்திருக்கலாம்.

"யாரும் ஓடாதீங்க! சசி, எந்திரி. ரெண்டு கையையும் மேல தூக்கு."

"வலிக்குதுங்க சார்..."

"தூக்குன்னா தூக்கு! ஜெயிச்சுட்டேன்னு நெனச்சுக்க. சத்தமா உன் பேரைச் சொல்லிக்கிட்டே மெதுவா நடந்து வா. திரும்பிப் பாக்காத."

"சசிரேகா... சசிரேகா..."

கையைத் தூக்கியபடி, நிழல் மாதிரி நொண்டி நொண்டி வந்தாள். அழுகுரல் பனிக்குள் எங்கெங்கோ எதிரொலித்தது. ஒரு குருவிகூடக் கத்தவில்லை. உதவியாளன் பெனிஸ் ஸ்வெட்டரை இழுத்துவிட்டுக்கொண்டான்.

"எல்லாரும் கை தட்டுங்க. இன்னும் சத்தமா!"

யூனிட் ஆட்கள் தட்டினார்கள். ஆளில்லாத தேயிலைக் காட்டில் அந்தக் கைதட்டலைக் கேட்கவே பயமாக இருந்தது.

ராஜகுமாரி மகளைக் கட்டிக்கொண்டு கத்தினாள்.

"ஏனுங்க, உங்க ஊட்டுப் புள்ளயா இருந்தா இப்புடி நடக்க வெச்சுப் படம் புடிப்பீங்களா? அடுத்த வாரம் மாநில ஓட்டப் போட்டி. அதுக்கே அரை மனசாத்தானுங்க அனுப்பறேன்!"

கமலேஷ் மன்னிப்புக்கூடக் கேட்கவில்லை.

"நாளையிலிருந்து கிரவுண்டுல ஓடட்டும்மா. இங்க லைட் சரியில்ல."

"புள்ள கால் போனாலும் உங்களுக்கு லைட்டுதான் பெருசு!" என்று காறித் துப்பிவிட்டுப் போனாள்.

சாயங்காலம் குன்னூர் லாட்ஜில், இதோடு இந்த ஆளிடம் வேலை வேண்டாம் என்ற முடிவோடு பெனிஸ் அந்தக் காட்சியை லேப்டாப்பில் ஓட விட்டான்.

சசி எழுந்திருக்கிறாள். கையைத் தூக்குகிறாள். அவளுக்குப் பின்னால், தேயிலைச் செடிகளுக்கு நடுவே இரண்டு கண்கள்.

சிறுத்தை!

பாய்வதற்குப் பதுங்கியிருக்கும் அது, கைதட்டல் கேட்டதும் மெல்லப் பின்வாங்கிப் பனிக்குள் மறைகிறது.

பெனிஸ் படத்தை நிறுத்திவிட்டு, பக்கத்துக் கட்டிலில் இருந்த கமலேஷிடம் திரும்பினான்.

"அண்ணா... அந்தம்மாகிட்ட இதைச் சொல்லியிருக்கலாமே! எவ்வளவு திட்டு வாங்கினீங்க?"

"சிறுத்தை நடமாட்டம் இருக்குன்னு ஃபாரஸ்ட்லயும் எஸ்டேட்லயும் சொல்லிட்டேன். அவ பின்னால நின்னுச்சுன்னு மட்டும் யாருக்கும் தெரிய வேணாம். இந்தக் காட்சியை அழிச்சிடு பெனிஸ்" என்றான் கமலேஷ். "இதைப் பார்த்தா, எந்த அம்மா மறுபடியும் மகளை ஓட விடுவாங்க?"