உள்ளூர் நீங்கலாக

கோவில்பட்டிப் பெருமக்களுக்கு ஓர் அரிய செய்தி. நம்மூர் ஹாக்கி இறுதி ஆட்டத்தை இன்று நாற்பது நாடுகள் நேரலையில் காண்கின்றன. உள்ளூர் ரசிகர்கள் மைதானத்துக்கே வரவேண்டும் என்ற உயர்ந்த நோக்கத்தில், உள்ளூரில் மட்டும் ஒளிபரப்பு கிடையாது.

மைதானத்தின் இருக்கைகளைப் பெயர்த்துவிட்டு அங்கே கேமராக்களை உட்காரவைத்து வெகுநாளாகிறது.

டாக்டர்கள் கைவிட்ட சீனிராஜுக்கு, மகள் செண்பகா ஆடுவதை ஒருமுறை பார்த்துவிடவேண்டும். மைதானம் அவர் கட்டிலுக்கு அருகிலுள்ள ஜன்னலுக்கு நேர் எதிரே இருந்தது. ஆட்டம் தொடங்கியதும் ஜன்னல் கண்ணாடி, சட்டப்படி, தானாகவே கறுத்துக்கொண்டது.

மனைவி பேச்சித்தாய் துபாயிலிருக்கும் தம்பியைப் போனில் பிடித்தாள்.

"ஏலே, உன் மருமவ ஆடுதாளா? அத்தானுக்குக் கொஞ்சம் பாத்துச் சொல்லு."

"ஆடுதா அக்கா. பந்து இப்ப அவகிட்டதான் இருக்கு. அத்தான், ரெண்டு பேரத் தாண்டிட்டா, இப்ப கோல் பக்கத்துல..."

இணைப்பு அறுந்தது. ஆட்டத்தை வாயால் சொல்வதற்கும் உரிமம் வேண்டும் என்று ஒரு பெண்குரல் கனிவாகத் தெரிவித்தது.

"வெளிய விசில் கேக்குல்லா, நம்ம பிள்ளைதான் கோல் போட்டிருப்பா," என்றாள் பேச்சித்தாய்.

"மெதுவாப் பேசுட்டீ. விசிலக் கேட்டதுக்கும் கேஸ் போடுவானுவ."

உள்ளூருக்கான மறுஒளிபரப்பு அடுத்த ஆண்டு என்றது அதே கனிவான குரல்.

சீனிராஜ் அடுத்த வாரம் செத்துப்போனார்.