முகம் மறக்காத காக்கை

பெரியவரின் நெற்றியில் ரத்தம் கோடு இழுத்திருந்தது. மரம் வெட்ட வந்தவர் ரம்பத்தைச் சுவரில் சாய்த்துவிட்டு அண்ணாந்து பார்த்தார். வாசல் மரத்தில் குச்சியும் கம்பியுமாக ஒரு கூடு, பக்கத்தில் சாம்பல் கழுத்தோடு ஒரு காக்கை.

"அண்டங்காக்கா இல்ல, சாதாரண காக்காதான். உங்களை மட்டும்தான் கொத்துதா?"

"கீழே விழுந்த குஞ்சை எடுத்து ஓரமா விட்டேன். திருட வந்தவன்னு நினைச்சுக்கிச்சு."

"முகத்தைக் குறிச்சு வச்சுக்கும்யா. அதுக்கு மறதியே கிடையாது."

"கொடுத்து வச்ச ஜென்மம்" என்றார் பெரியவர்.

கிளையை வெட்டச் சொல்லி ஃபோன் செய்தது வெளியூர் மகள். அப்பாவின் மண்டை தினமும் உடைவதைப் பக்கத்து வீட்டார் போட்டுக் கொடுத்திருந்தார்கள். பெரியவருக்கோ இதில் துளியும் இஷ்டமில்லை.

"ஒரு தொப்பியாவது போடலாமே?"

"தலை வேர்க்குதுப்பா."

ஜன்னலில் பெரியவரின் மனைவி எட்டிப் பார்த்தாள். "வேலை முடிஞ்சா ரெண்டு பேரும் கிளம்புங்க. நான் கதவைச் சாத்தணும்."

வீட்டில் காரம் தூக்கல்தான் போலிருக்கிறது என்று மரம் வெட்டுபவர் உள்ளுக்குள் சிரித்துக்கொண்டார்.

"குஞ்சு பறந்துட்டா கொத்தறதை விட்டுடுமா?" பெரியவர் குரலை இறக்கிக் கேட்டார்.

"அனேகமா விட்டுடும். கவலைப்படாதீங்க." ஆறுதலாகத்தான் சொன்னார். பெரியவரின் முகம் தொங்கிப்போயிற்று.

ஏணியைச் சாய்த்ததுமே பெரியவர் வெறுந்தலையோடு மரத்தடிக்குப் போய் நின்றார். காக்கை சர்ரென்று இறங்கி, பழைய காயத்திலேயே ஒரு போடு போட்டது.

உள்ளேயிருந்து மனைவி துடைப்பமும் கையுமாகப் பாய்ந்து வந்தாள். "நாசமாப் போற காக்கா! என் வீட்டுக்காரரை விடு!"

காக்கை ஓடியதும் அவர் தலையை இரண்டு கைகளாலும் பிடித்துக் காயத்தில் ஊதினாள். "வலிக்குதாங்க? பார்த்து வரக்கூடாதா?" பெரியவர் பச்சைப் பிள்ளைபோலக் குனிந்து நின்றார். கண்ணீர் பொலபொலவென்று கொட்டியது.

மருந்து எடுக்க அவள் உள்ளே ஓடினாள். மரம் வெட்டுபவருக்கு மனசு கேட்கவில்லை. "என்னய்யா இது கொடுமை! ஒரே வெட்டு, தொல்லை தீர்ந்தது" என்று ஏணியில் கால் வைத்தார்.

பெரியவர் அவர் கையை இறுகப் பிடித்துக்கொண்டார்.

"வேணாம்பா. இது கொத்தினாத்தான் அவளுக்கு நான் யாருன்னு தெரியுது."